சம்பா நாட்டுத் திருப்பதியும் துறைமுகமும்

வியட்நாமின் நடுப்பகுதிக்குச் செல்வோர் ஒரே பகலில் ஈரிடங்களைக் கண்டு மீள்வது இக்காலத்து வழக்கமாயிற்று. காலையில் மீ சோன் என்னும் மலைசூழ் பள்ளத்தாக்கிலுள்ள கோயிற் சிதைவுகளையும், மாலையில் ஹோய் ஆன் என்னும் பழைய வணிக நகரையும் வழிகாட்டிகள் காட்டுவர். இரண்டிற்கும் இடைப்பட்ட தொலைவு ஏறத்தாழ 40 கிலோமீட்டர். இரண்டும் 1999ஆம் ஆண்டில் யுனெஸ்கோவின் உலக மரபுச் சின்னங்களின் பட்டியலில் இடம் பெற்றன. இப்பகுதி 2025ஆம் ஆண்டின் இடைக்காலம் வரை குவாங் நாம் மாகாணத்தைச் சேர்ந்திருந்தது. அம்மாகாணம் தா நாங் மாநகரோடு இணைக்கப்பட்ட பின்னர் அம்மாநகரின் ஆட்சிக்கு உட்பட்டுள்ளது.

இவ்வொருநாட் செலவில் காண்பனவற்றை இருவேறு கதைகளாகக் கூறுவதே பெருவழக்கு. மீ சோன் இந்திய நாகரிகத்தின் எச்சம் என்பர். ஹோய் ஆன் சீனரும் சப்பானியரும் வளர்த்த நகர் என்பர். இரண்டிலும், அந்நிலத்தில் ஓராயிரம் ஆண்டுக்கு மேல் வாழ்ந்து அரசு செலுத்திய சாம் மக்கள் மறைந்துபோகின்றனர். தமிழ் எழுத்தாளர் சிலர் இன்னும் ஒருபடி மேற்சென்று, அக்கோயில்கள் தமிழர் குடியேறி எழுப்பியவை என்று எழுதுகின்றனர். இக்கூற்றுக்குச் சான்று உண்டா, இன்றேல் அந்நாட்டு வரலாற்றை எவ்வாறு நோக்குதல் தகும் என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஆறும் அரசும்

முதற்கண் நிலத்தின் அமைப்பை அறிதல் வேண்டும். மேற்கு மலைகளில் தோன்றும் தூ போன் என்னும் ஆறு கிழக்கு நோக்கி ஓடி ஹோய் ஆனை அடுத்துக் கடலொடு கலக்கின்றது. கழிமுகத்திற்கு எதிரே கடலில் சாம் தீவுகள் உள்ளன. கழிமுகத்தினின்று மேற்கே செல்லின் சமவெளியின்கண் திரா கியூ என்னும் ஊர் உளது. அறிஞர் பலர் இதனையே சம்பா மன்னரின் தலைநகரான சிம்மபுரம் எனக் கொள்வர். 1927, 1928ஆம் ஆண்டுகளில் பிரெஞ்சு ஆராய்ச்சியாளர் கிளேய் இவ்வூரை அகழ்ந்தார். இதற்கும் அப்பால், மலைகள் வளைந்து சூழ்ந்த பள்ளத்தாக்கில் மீ சோன் அமைந்துள்ளது.

கடலில் ஒரு தீவு, கழிமுகத்தில் ஒரு துறைமுகம், சமவெளியில் ஒரு தலைநகர், மலையடியில் ஒரு திருப்பதி என்னும் இந்நான்கும் ஓராற்றில் கோக்கப்பட்ட மணிகள் போல்வன. மலைநாட்டு அகிலும் பிற படுபொருள்களும் ஆற்றின்வழிக் கீழிறங்கின. கடல்வழி வந்த பண்டங்கள் அவ்வழியே மேலேறின. சாம் தீவுகளில் மேற்காசியக் கண்ணாடித் துண்டுகளும் தாங் காலத்துச் சீன மட்கலங்களும் அகழ்ந்தெடுக்கப்பட்டன. துறைமுகத்தின் ஊதியமே தலைநகரைத் தாங்கிற்று. தலைநகரின் அரசே திருப்பதிக்கு நிலமும் பொன்னும் ஈந்தது. ஒருநாட் செலவினர் பெரும்பாலும் திரா கியூவில் தங்குவதில்லை. நடுமணி விடுபட்டமையால் முதலும் முடிவும் தொடர்பற்ற இருவேறு பொருள்களாகத் தோன்றுகின்றன.

மீ சோன் திருப்பதி

மீ சோனில் முதன்முதற் கோயில் கண்டவன் பத்திரவர்மன் என்பது அங்குள்ள கல்வெட்டால் பெறப்படும். கி. பி. நான்காம் நூற்றாண்டின் இறுதியை ஒட்டி வாழ்ந்தவனாகக் கருதப்படும் இம்மன்னன், பத்திரேசுவரர் என்னும் பெயரால் சிவபெருமானை எழுந்தருளுவித்து, மலைகளை எல்லையாக வகுத்து நிலம் அளித்தான். மன்னன் தன் பெயரையே இறைவனுக்கு இட்டமை ஈண்டு நோக்கத்தக்கது. அக்கோயில் பின்னர் எரியுண்டது. சம்புவர்மன் அதனை மீண்டும் எடுத்து, தன் பெயரையும் முன்னோன் பெயரையும் இணைத்துச் சம்புபத்திரேசுவரர் என இறைவனுக்குப் பெயரிட்டான். இவன் காலத்திலேயே, 605ஆம் ஆண்டில், லியூ ஃபாங் என்னும் சீனப் படைத்தலைவன் தலைநகரைக் கைப்பற்றிச் சூறையாடினான். ஆயினும் மன்னன் மீண்டு வந்து ஆண்டான்.

அவனுக்குப் பின் வந்தோருள் பிரகாசதர்மன் சிறப்புடையவன். 658ஆம் ஆண்டிற்குரிய இவனது மீ சோன் கல்வெட்டு, கௌண்டின்னியன் என்னும் அந்தணன் துரோணர் மகனான அசுவத்தாமனிடமிருந்து பெற்ற வேலை நட்டமையும், நாககன்னியாகிய சோமையை மணந்தமையும் கூறுகின்றது. கம்போச நாட்டு அரசமரபிற்கு உரிய இக்கதையைத் தன் தாய்வழித் தொடர்பால் இவன் எடுத்தோதினான். இவனே திரா கியூவில் வான்மீகி முனிவர்க்கு ஒரு வழிபாட்டிடம் அமைத்தான். முனிவரின் துயரமே செய்யுளாகப் பிறந்தது என்னும் செய்தியை அக்கல்வெட்டுச் சுட்டுகின்றது. காப்பியம் இயற்றிய புலவர் ஒருவர்க்கு ஏழாம் நூற்றாண்டிலேயே கோயில் எடுத்த நாடு சம்பா என்பது இலக்கியம் பயில்வோர் உளங்கொள்ள வேண்டிய செய்தியாகும்.

கோயில்களின் அமைப்பும் தனித்தன்மை உடையது. கருவறைக் கோபுரத்தைச் சாம் மொழியில் கலன் என்பர். அதற்கு முன்னே வாயிலும் மண்டபமும் நிற்கும். அருகே, படகு கவிழ்ந்தாற்போன்ற கூரையுடைய கட்டடம் ஒன்று பூசைப் பொருள்கள் வைத்தற்கென அமையும். அனைத்தும் செங்கற் கட்டடங்கள். செங்கற்களுக்கிடையே சாந்து புலப்படாதவாறு இழைத்து இணைத்த வன்மை, ஆராய்ந்தோரை நெடுங்காலம் வியப்பில் ஆழ்த்திற்று. மரப்பிசின் போன்ற பொருள் இதற்குப் பயன்பட்டது என்று அண்மைக்கால ஆய்வுகள் காட்டுகின்றன. சுவரை எழுப்பியபின் செங்கல்லின்மீதே உருவங்களைச் செதுக்கினர். இலிங்கத்திற்குப் பொன்னாலாகிய கவசம் சாத்துதல் மன்னர்தம் பெருங்கொடைகளுள் ஒன்றாகும். கல்வெட்டுக்கள் இதனைக் கோசம் எனக் குறிக்கும்.

கல்வெட்டுக்களின் மொழிநிலை

சம்பா நாட்டுக் கல்வெட்டுக்கள் வடமொழியிலும் பழஞ்சாம் மொழியிலும் அமைந்தவை. சாம் மொழி மலாய், ஆச்சே முதலிய மொழிகளுக்கு உறவுடையது. திராவிட மொழியன்று, வடமொழியின் கிளையும் அன்று. திரா கியூவிற்கு அண்மையில் தோங் யென் சாவ் என்னுமிடத்திற் கிடைத்த கல்வெட்டு முற்றும் சாம் மொழி வாசகம். கோதே என்னும் பிரெஞ்சு அறிஞர் 1939இல் இதனை வெளியிட்டு நான்காம் நூற்றாண்டினது எனக் கணித்தார். காலத்தைச் சற்றுப் பின்தள்ளுவாரும் உளர். எவ்வாறாயினும், மலாய் முதலிய மொழிகளை உள்ளடக்கிய பெருங்குடும்பத்தில் இதனினும் பழைய வாசகம் இதுவரை கிடைத்திலது. அரசனுக்குரிய நாகத்தைப் போற்றுவோர் செல்வம் பெறுவர், இகழ்வோர் தம் குலத்தோடு நிரயத்தில் நெடுங்காலம் உழல்வர் என்பது அதன் பொருள். நம் நாட்டுச் செப்பேடுகளின் இறுதியிற் காணப்படும் ஓம்படைக் கிளவியை இது நினைவூட்டுகின்றது. சொற்களுட் சில வடமொழி. வாக்கியமோ சாம் மொழி.

பிற்காலக் கல்வெட்டுக்களில் இவ்விருமொழி வழக்கு ஓர் ஒழுங்கை மேற்கொள்கின்றது. இறைவனையும் மன்னனையும் போற்றும் பகுதி வடமொழியில் அமையும்; நிலம், எல்லை, கொடைப்பொருள் ஆகியவற்றைக் கூறும் பகுதி சாம் மொழியில் அமையும். இரண்டாம் இந்திரவர்மன் 875ஆம் ஆண்டில் தோங் துவோங் என்னுமிடத்தில் அமைத்த பௌத்தப் பள்ளியின் சாசனம் இதற்குத் தக்க சான்று.

இவ்வொழுங்கு தமிழறிஞர்க்குப் புதியதன்று. காசாக்குடிச் செப்பேடும் திருவாலங்காட்டுச் செப்பேடும் ஆனைமங்கலச் செப்பேடும் வடமொழியில் மெய்க்கீர்த்தி பாடித் தமிழில் நிலத்தின் எல்லையும் உரிமையும் கூறுகின்றன. அதனாற் பல்லவர் நாட்டையும் சோழர் நாட்டையும் வடவர் குடியேற்றம் என்று எவரேனும் கூறுவரேல் நாம் உடன்படுவோமா? உடன்படோம். அயல்மொழியின் பெருமையைத் தம் அரசிற்கு அணியாகக் கொண்டு, தம் மொழியைத் தம் மண்ணின் செயற்பாட்டிற்குப் பயன்படுத்திய மன்னர் எனவே அவரை மதிப்போம். நமக்குக் கொள்ளும் அளவுகோலையே சாம் மக்களுக்கும் கொள்ளுதல் முறை. சம்பாவை இந்தியக் குடியேற்ற நாடு எனக் கொண்டு 1927ஆம் ஆண்டில் மசும்தார் நூல் எழுதினார். அக்காலத்துக் கிடைத்த கல்வெட்டுக்களைத் தொகுத்த வகையில் அந்நூல் இன்றும் பயனுடையது. குடியேற்றம் என்னும் அதன் அடிப்படைக் கருத்தையோ பின்வந்த ஆராய்ச்சி கைவிட்டது.

தமிழகத் தொடர்பு

இனித் தமிழகத் தொடர்பிற்குக் காட்டப்படும் சான்றுகளை ஒவ்வொன்றாக எடுத்து நோக்குவோம்.

முதலாவது, எழுத்து. சம்பாவின் தொடக்கக்காலக் கல்வெட்டெழுத்துக்கள் தென்னிந்திய எழுத்து மரபைச் சார்ந்தவை என்பதில் ஐயமில்லை. இவற்றைப் பல்லவ எழுத்து என்று வழங்குவர். ஆயினும் இவ்வெழுத்து மரபு பல்லவர்க்கு மட்டும் உரியதன்று. தென்னாட்டின் பல பகுதிகளில் வழங்கியதாகும். எழுத்துக் கடன் பெற்றமை உறவிற்குச் சான்றாகுமேயன்றி ஆட்சிக்குச் சான்றாகாது.

இரண்டாவது, வோ கான் கல்வெட்டு. இது மீ சோனுக்குத் தெற்கே நெடுந்தொலைவில் நா திராங் பகுதியிற் கிடைத்தது, வடமொழியில் அமைந்தது. இதில் வரும் ஸ்ரீமாரன் என்னும் பெயரைப் பாண்டியரின் மாறன் என்னும் பெயரோடு பொருத்திப் பார்த்தவர் பிரெஞ்சுப் பேரறிஞர் ஃபிலியோசா. இக்கருத்து எண்ணிப் பார்க்கத் தக்கது. எனினும் அக்கல்வெட்டின் காலம் குறித்தும், அது சம்பாவிற்கு உரியதா ஃபூனான் அரசிற்கு உரியதா என்பது குறித்தும் அறிஞரிடை ஒருமைப்பாடு இல்லை. ஒரு பெயரின்மேல் ஒரு நாட்டின் தோற்றத்தையே நிறுத்துதல் வலியுடைய ஆராய்ச்சி ஆகாது.

மூன்றாவது, முதல் இராசேந்திரனின் மெய்க்கீர்த்தி. இதில் வரும் வளைப்பந்தூறு என்பதனைச் சம்பாவின் தென்பகுதியாகிய பாண்டுரங்கத்தோடு இணைத்தாரும் உளர். இது பெரிதும் ஒலியொப்புமை பற்றியது. கடாரம், இலாமுரி, நக்கவாரம் போன்ற பெயர்களுக்கு உள்ள தெளிவு இதற்கு இல்லை.

நான்காவது, பெயர் மயக்கம். மணிமேகலையிற் பேசப்படும் சம்பாபதியைச் சம்பா நாட்டோடு தொடர்புறுத்துவது பொருந்தாது. சம்பு என்னும் தெய்வத்தாற் புகார் நகர் பெற்ற பெயர் அது என்பதை அக்காப்பியத்தின் பதிகமே உணர்த்தும்.

ஐந்தாவது, கதையொப்புமை. நாககன்னியை மணந்த கௌண்டின்னியன் கதையும், நெடுமுடிக்கிள்ளி பீலிவளையை மணந்த மணிமேகலைக் கதையும் தம்முள் ஒப்புமை உடையன. வங்கக் கடலின் இருமருங்கும் ஒரு கதைமரபு உலவியமைக்கு இது சான்றாகலாம். எத்திசையினின்று எத்திசைக்குச் சென்றது என்பதை இவ்வொப்புமை மட்டும் கூறமாட்டாது. மன்னன் பெயரால் இறைவனை வழங்கும் வழக்கமும் இத்தகையதே. காஞ்சியின் இராசசிம்மேச்சரமும் தஞ்சையின் இராசராசேச்சரமும் பத்திரேசுவரத்திற்குப் பல நூற்றாண்டு பிற்பட்டவை. ஒப்புமை ஒன்றே கடனுக்குச் சான்றாமெனின், காலத்தால் முற்பட்ட சம்பாவினின்று நாம் கடன் பெற்றோம் என்று முடியும். அவ்வாறு கூறுவார் எவரும் இலர். இருசாராரும் பொதுவான சைவ மரபொன்றைத் தத்தம் நிலத்திற்கேற்பக் கைக்கொண்டனர் என்பதே பொருத்தமாம்.

தமிழ் வணிகர் கடல்கடந்து சென்று தங்கிய இடங்களில் தமிழ்க் கல்வெட்டுக்களை விட்டுச் சென்றனர். தாய்லாந்தின் தகுவா பா, சுமத்திராவின் பாரூசு (1088), பர்மாவின் பகான், சீனத்தின் சுவான்சோ (1281) ஆகிய இடங்களில் அவை கிடைத்துள்ளன. மீ சோன் கல்வெட்டுத் தொகுதியிலோ தமிழ்ச் சாசனம் எதுவும் இல்லை. சிலப்பதிகாரத்து ஊர்காண் காதைக்கு உரைகண்ட அடியார்க்குநல்லார், கீழ்கடல் வழிவந்த அகில் வகைகளுள் கிடாரவன், தக்கோலி முதலியவற்றைப் பெயர் கூறி எண்ணுகின்றார். அகிலுக்குப் புகழ்பெற்ற சம்பாவின் பெயர் அப்பட்டியலில் இல்லை. இன்மை ஒன்றே முடிந்த சான்றாகாது. ஆயினும், தமிழர் எழுப்பிய கோயில்கள் எனத் துணிந்துரைப்போர் இவ்வின்மைக்கு விடை கூறும் கடப்பாடு உடையர்.

ஹோய் ஆன் நகர்

சாம் அரசின் வடபகுதிகள் சிறிது சிறிதாக வியட்நாமியர் கைப்பட்டன. 1471இல் லே தான் தோங் என்னும் வியட்நாம் மன்னன் விசயம் என்னும் தலைநகரைக் கைப்பற்றினான். எஞ்சிய தென்பகுதியும் 1832இல் மின் மாங் மன்னனால் இணைக்கப்பட்டது. தூ போன் கழிமுகத்தின் பழைய துறையே நுயென் தலைவர்களின் ஆட்சிக்காலத்தில், பதினாறாம் பதினேழாம் நூற்றாண்டுகளில், மீண்டும் தழைத்தது. ஐரோப்பியர் இதனை ஃபைஃபோ என்றனர். சப்பானியரும் சீனரும் தனித்தனித் தெருக்களில் குடியிருந்தனர். 1593ஐ ஒட்டிச் சப்பானியர் கட்டியதாகக் கருதப்படும் கூரைப்பாலத்திற்கு, 1719இல் நுயென் ஃபுக் சூ, தொலைவினின்று வருவோர் பாலம் என்னும் பொருள்படப் பெயரிட்டார். 1635இல் சப்பானிய அரசு தன் குடிகளின் கடற்பயணத்தைத் தடுத்தபின் அவர்தம் தொகை குன்றிற்று, சீனர் நிலைத்தனர். ஆறு தூர்ந்தமையாலும் தா நாங் துறை வளர்ந்தமையாலும் பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஹோய் ஆனின் வணிகம் ஓய்ந்தது. புதிய கட்டடங்கள் மிகாமற் பழைய நகர் அப்படியே எஞ்சியதற்கு அவ்வோய்வும் ஒரு காரணமாகும்.

இந்நகரிலும் சாம் மக்களின் சுவடு அழியவில்லை. இங்குள்ள கழிமுகத்தின் வியட்நாமியப் பெயரான தாய் சியெம் என்பது பெருஞ்சம்பா எனப் பொருள்படும். எதிரேயுள்ள தீவுகள் சாம் தீவுகள் என்றே வழங்குகின்றன. நகரினுள் சதுர வடிவிற் செங்கல் கட்டிய பழங்கிணறுகள் சாம் கிணறுகள் எனப் பெயர்பெறும். அவற்றுள் பா லே கிணற்று நீரே அவ்வூரின் காவ் லாவ் என்னும் உணவிற்கு உரியது என்பது ஊரார் கூற்று. ஆற்றங்கரை ஊர்களில் வியட்நாமியர் ஆண்டுதோறும் விழவெடுத்து வழிபடும் தூ போன் அன்னை, சாம் தெய்வ வழிபாட்டின் தொடர்ச்சி என்பது அறிஞர் பலர் கருத்து. மாலையில் ஹோய் ஆன் தெருவில் நடப்பவர் காலையில் கண்ட அதே நாட்டின் வாயிலில்தான் நடக்கின்றனர்.

சிதைவும் காப்பும்

மீ சோனைப் புறவுலகிற்கு அறிவித்தவர் காமில் பாரி என்னும் பிரெஞ்சுக்காரர் (1898). கல்வெட்டுக்களை ஃபினோ வெளியிட்டார். 1903, 1904ஆம் ஆண்டுகளில் பார்மாந்தியே கோயில்களை அளந்து, தொகுதி தொகுதியாக எழுத்துக்களால் குறியிட்டார். அதனால் இன்று அங்குச் செல்வோர் கோயிலின் பெயரைக் கேட்பதில்லை. ஏ, பி, சி என்னும் எழுத்துக்களையே கேட்கின்றனர்.

எழுபது அளவினவாக எண்ணப்பட்ட கட்டடங்களுள் இன்று இருபது அளவினவே உருத்தெரிய நிற்கின்றன. இருபது மீட்டருக்கு மேல் உயர்ந்து, சாம் கட்டடக் கலையின் கொடுமுடி எனப் போற்றப்பட்ட ஏ 1 கோபுரம் பத்தாம் நூற்றாண்டிற்குரியது. அது 1969ஆம் ஆண்டில் அமெரிக்கப் படையின் தாக்குதலில் வீழ்ந்தது. குண்டுகள் விழுந்த பள்ளங்கள் கோயில்களுக்கிடையே இன்றும் உள்ளன. பல நூற்றாண்டு மழைக்கும் காட்டிற்கும் ஈடுகொடுத்து நின்றதொரு கோயிலை நம் தலைமுறையின் போர் வீழ்த்திற்று.

போருக்குப் பின் 1981 முதல் போலந்து நாட்டுக் கட்டடக் கலைஞர் காசிமியர் குவியாத்கோவ்சுகி வியட்நாமியரோடு இணைந்து மீ சோனிற் பணிபுரிந்தார். ஹோய் ஆனைக் காத்தற்கும் அவரே குரல்கொடுத்தார். 1997இல் வியட்நாமிலேயே மறைந்தார். ஹோய் ஆனில் அவர்க்குச் சிலை உண்டு. ஜி தொகுதியை இத்தாலியர் செப்பஞ்செய்தனர். 2017 முதல் 2022 வரை இந்தியத் தொல்லியல் துறை ஏ, எச், கே தொகுதிகளிற் பணியாற்றியது. அப்பணியின்போது 2020 மே மாதத்தில் ஒரே மணற்கல்லாலான ஒன்பதாம் நூற்றாண்டு இலிங்கம் வெளிப்பட்டது. இச்செய்தி வந்த காலை நம் நாட்டிதழ்கள் பல அதனை இந்தியப் பழமையின் வெற்றியாகவே கொண்டாடின. அதனை நிறுவிய மன்னனும் வழிபட்ட குடிகளும் சாம் மக்கள் என்பதைக் கூறியவை சில.

முடிபு

சாம் மக்கள் அழிந்துபட்ட இனத்தார் அல்லர். பாண்டுரங்கத்தின் எச்சமாகிய பான் ராங் பகுதியிலும் அதனை அடுத்தும், கம்போசத்திலும் அவர்கள் வாழ்கின்றனர். போ குலோங் கராய் கோபுரத்தில் காத்தே விழாவை ஆண்டுதோறும் எடுக்கின்றனர். தமக்கென எழுத்தும் ஏட்டுச் சுவடியும் உடையர். இசுலாத்தைத் தழுவியோரும் அவருள் உளர். தம் முன்னோர் எடுத்த கோயிலைப் பிறர் ஒருவர் தம்முடையது என்று உரிமை கொண்டாடின் அவர்க்கு எய்துவது யாது என்பதை, நம் இலக்கியத்தின் காலத்தையும் தனித்தன்மையையும் பிறர் மறுத்தபோது நாம் எய்திய வருத்தத்தால் நன்கு அறிவோம்.

ஆதலின் மீ சோனைத் தமிழர் கோயில் எனல் தமிழுக்குப் பெருமை சேர்ப்பதன்று. தமிழாராய்ச்சியின் நம்பகத்தையே குறைப்பதாம். தமிழர்க்கும் சாம் மக்களுக்கும் உள்ள உண்மையான உறவு இதனினும் பெரிது. இருவரும் ஒரு கடல்வழியின் இருகரையினர். வடமொழியின் புகழை ஏற்றும் தம் மொழியைக் கைவிடாதவர். சிவனைத் தம் மன்னர் பெயரால் அழைத்தவர். இவ்வுறவை விளக்குதற்கு இருநாட்டுச் சாசனங்களையும் ஒருங்கு கற்றோர் வேண்டும். ஓம்படைக் கிளவி, எல்லை கூறும் முறை, கொடைப்பொருளின் பெயர்கள் ஆகியவற்றைத் தமிழ்ச் செப்பேடுகளோடும் சாம் கல்வெட்டுக்களோடும் ஒப்பிட்டாராய்தல் முதுகலை மாணவர்க்கு ஏற்ற துறையாகும். தமிழ்ச் சாசனங்களிற் பயின்ற கண், சாம் சாசனங்களிற் பிறர் காணாத சிலவற்றைக் காணக்கூடும். அவ்வாராய்ச்சிக்குச் சாம் மொழியைக் கற்றலே முதற்படி என்பது எம் துணிபு.